ஏழாவது பத்தி

அண்ணன் கோகுல்நாத் மேல் ஷோபனா பூந்தமல்லி கோர்ட்டில் பாகப்பிரிவினை வழக்குப் போட்டு நாலு மாதம் ஆகியிருந்தது. சேக்காட்டில் அம்மா பெயரில் இருந்த வீட்டில் அவளுக்குப் பாதி வேண்டும். அம்மா போனபின் மூன்று முறை கேட்டாள். மூன்று முறையும் "பாக்கலாம்மா" என்றான். அதற்கு மேல் ஒரு வார்த்தை இல்லை. ஆவடியில் பாதுகாப்புத் தொழிற்சாலையில் வேலை பார்க்கும் கோகுல்நாத் சின்ன வயதிலிருந்தே அப்படித்தான். அடித்தாலும் எதற்கு என்று கேட்கமாட்டான்.

அன்று அவளுடைய வக்கீல் சிவராமன் உற்சாகமாக இருந்தார். அண்ணன் தரப்பின் பதிலுரை வந்திருந்தது.

"எல்லா பத்திக்கும் பதில் போட்டிருக்காரு மேடம். ஏழாவதுக்கு மட்டும் 'சொல்ல ஒன்றுமில்லை'ன்னு விட்டுட்டாரு. மறுக்கலைன்னா ஒத்துக்கிட்ட மாதிரிதான். நமக்கு நல்லது."

"ஏழுல என்ன சார் இருக்கு?"

அவர் வழக்கு மனுவை அவள் பக்கம் தள்ளினார். ஒவ்வொரு பக்கத்தின் அடியிலும் அவள் கையெழுத்து. அம்பத்தூர் ஆபீசில் மீட்டிங்குக்கு நேரமாகிறது என்று நின்றபடியே போட்டது.

'பிரதிவாதி தன் தாயாரை நோய்க்காலத்தில் கவனியாமல் விட்டதுடன், உணவும் மருந்தும் சரிவரத் தராமல் கொடுமைப்படுத்தி வந்தார்.'

ஷோபனா அந்த வரியை மறுபடி படித்தாள். அம்மா பக்கவாதத்தில் படுத்திருந்த இரண்டு வருஷமும் அவள் புனே ஆபீசில் வேலையில் இருந்தாள். பார்த்ததெல்லாம் வீடியோ காலில்தான். ஒருநாள் போனைச் சுவரில் சாய்த்துவிட்டு அண்ணன் அம்மாவுக்குத் தலை பின்னிக்கொண்டிருந்தான், ரிப்பனைப் பல்லில் கடித்தபடி. பின்னல் கோணல் என்று அம்மா குழறிக் குழறித் திட்டினாள். அவன் அவிழ்த்து மறுபடி பின்னினான்.

"நான் இதைச் சொல்லவேயில்லையே சார்."

"இந்த மாதிரி கேஸ்ல வழக்கமா போடுறதுதான் மேடம்."

"எடுத்துடுங்க."

"விசாரணை இன்னும் ஆரம்பிக்கலை, திருத்த மனு போட்டா எடுத்துடலாம். ஆனா கையில கிடைச்சதை ஏன் விடணும்?"

"எடுத்துடுங்க சார்."

"சரி. தட்டச்சுப் பிழைன்னு காரணம் எழுதிக்கறேன்."

"வேணாம். 'அது உண்மையில்லை, படிக்காம கையெழுத்துப் போட்டேன்'னு எழுதுங்க."

சிவராமன் பேனாவை மூடி வைத்தார். "ஜட்ஜம்மா திட்டுவாங்க."

"திட்டட்டும்."

மனு விசாரணைக்கு வந்த அன்று ஜட்ஜம்மா திட்டத்தான் செய்தார். "படிச்சவங்கதானே நீங்க? சத்தியம் பண்ணி பொய்யில கையெழுத்துப் போடுவீங்களா?"

"தப்புதாங்க மேடம்."

எதிர்த்தரப்புக்கு ஆட்சேபணை உண்டா என்று கேட்டார். இல்லை என்றார் அண்ணனின் வக்கீல். பின்வரிசையில் கோகுல்நாத் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். மனு அனுமதிக்கப்பட்டது. பத்தியை நீக்கித் திருத்திய பிரதியை இரண்டு வாரத்தில் தாக்கல் செய்ய வேண்டும்.

வெளியே வந்து அவனிடம் நேராகப் போனாள்.

"நீ ஏன்ணா மறுக்கலை?"

ஸ்கூட்டர் சாவியைத் திருகிக்கொண்டே இருந்தான். "மறுத்தா நிரூபிக்கச் சொல்வாங்க. அம்மாவைக் குளிப்பாட்டினேன், துணி மாத்தினேன்னு கூண்டுல ஏறி சொல்லணுமா? பக்கத்து வீட்டுக்காரங்களை சாட்சிக்குக் கூப்பிடணுமா? அம்மாவுக்குப் பிடிக்காதும்மா."

அவள் அங்கேயே நின்று அழுதாள். துப்பட்டாவில் முகத்தைத் துடைத்துக்கொண்டு, "கேஸை வாபஸ் வாங்கமாட்டேன். பங்கு வேணும்" என்றாள்.

"வேணும்தான். நீ வித்துடுவியோன்னுதான் வாயைத் திறக்கலை."

"யாரு விக்கறா? மாடி கட்டி அங்கயே இருக்கப்போறேன்."

அவன் நிமிர்ந்து பார்த்தான். இரண்டு மாதத்தில் வழக்கு அப்படியேதான் சமரசமாக முடிந்தது. கீழ்வீடு அவனுக்கு, மாடி அவளுக்கு.

ஆனால் அன்று பஸ் ஸ்டாப் வரை அவன் கூடவே வந்தான். அம்மாவின் கடைசி நாட்களை முதல் தடவையாகச் சொன்னான். அவள் இரண்டு பஸ்ஸை விட்டாள்.

"கடைசி நாள் காலையில என்னை அடையாளம் தெரியலை. அவங்க அப்பான்னு நெனச்சுக்கிட்டு 'நைனா, நைனா'ன்னு கூப்பிட்டாங்க."

"நீ என்ன பண்ணே?"

"'இங்கதாம்மா இருக்கேன்'னு சொன்னேன்."