வண்டியின் பின் சக்கரம்

அன்று சாயங்காலத்துக்குள் நான் பதில் சொல்லியாக வேண்டும். மருந்துக் கிடங்கில் எனக்கு மேலாளர் பதவி கொடுத்திருந்தார்கள். ஆனால் வேறு ஊரில், ரயிலில் ஒரு பகல் முழுக்கப் போக வேண்டிய ஊரில். என் வீட்டுக்காரருடைய தையல் கடை இங்கே இருக்கிறது, அதைப் பெயர்த்து எடுத்துக்கொண்டு வர முடியாது. போகட்டுமா என்று நாலு நாள் முன்பு கேட்டேன். "உன் இஷ்டம்" என்று சொல்லிவிட்டு ஊசியில் நூல் கோக்கப் போய்விட்டார். அன்றிலிருந்து நான் அவரோடு பேசவில்லை. உன் இஷ்டம் என்பது ஒரு பதிலா? போ என்றால் போவேன். இரு என்றால் நாலு சண்டை போட்டுவிட்டு இருப்பேன். இரண்டும் இல்லாமல் மனிதர் நழுவினால் நான் யாரோடு மல்லுக்கட்டுவது?

எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. குட்டி போட்ட பூனை மாதிரி சமையலறைக்கும் கூடத்துக்கும் நடந்தேன். கழுவிய டம்ளர்களையே மறுபடியும் கழுவினேன். போனை எடுப்பதும் வைப்பதுமாக இருந்தேன். இவரோ விடுமுறை நாளும் அதுவுமாகக் கொல்லையில் புல் வெட்டும் வண்டியைச் செங்கல் மேல் ஏற்றி நிறுத்தி, பின் சக்கரத்தைக் கழற்றிப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

அந்த வண்டி என்னுடையது. யார் வாங்கினால் என்ன, கல்யாணமானதிலிருந்து இந்த வீட்டில் புல் வெட்டுவது நான்தான். ஏறி உட்கார்ந்து ஓட்டுவது, எண்ணெய் மாற்றுவது, பிளேடு தீட்டுவது எல்லாம் என் கை. அவருக்குத் துணி தெரியும். இரும்புக்கும் அவருக்கும் ஏழாம் பொருத்தம். அப்பேர்ப்பட்டவர் நான் வேலைக்குப் போயிருந்த நேரத்தில் அதை எடுத்து, உடைந்த பூந்தொட்டி மேல் ஏற்றி, டயரைக் கிழித்து வைத்திருந்தார். எதற்கு எடுத்தீர்கள் என்று கேட்க நாக்கு துறுதுறுத்தது. பேசாமல் இருக்கிற நேரத்தில் எப்படிக் கேட்பது என்று மென்று விழுங்கினேன்.

ஜன்னல் வழியாகப் பார்த்தேன். புது டயர் வாங்கி வந்திருந்தார். பக்கத்தில் பெரிய ஸ்க்ரூ டிரைவர் இரண்டு, ஒரு கிண்ணத்தில் சோப்புத் தண்ணீர். டயரின் ஒரு பக்க விளிம்பு எப்படியோ ரிம்முக்குள் போய்விட்டது. மறுபக்கம்தான் படுத்தியது. இங்கே அழுத்தினால் அங்கே பிதுங்கியது. காலருக்கு அடையாளம் வைப்பது போல டயரைச் சுற்றிச் சாக்குக் கட்டியால் கோடு வேறு போட்டு வைத்திருந்தார்.

அப்போதுதான் கவனித்தேன். டயரின் பக்கவாட்டில் அது உருள வேண்டிய திசையைக் காட்டும் அம்புக்குறி பின்பக்கம் பார்த்துக்கொண்டிருந்தது. அப்படியே மாட்டினால் ஈரப் புல்லில் வழுக்கும். சொல்லவில்லை. நன்றாகப் படட்டும் என்று நின்றேன், உள்ளூரக் கொஞ்சம் சந்தோஷமாகக்கூட இருந்தது. ஆனால் ஸ்க்ரூ டிரைவர் ரிம்மைக் கறகறவென்று கீறியபோது என்னால் பொறுக்க முடியவில்லை. இறங்கிப் போனேன்.

"அம்பு பின்னாடி பாக்குது. கழட்டித் திருப்பிப் போடுங்க."

அவர் குனிந்து பார்த்தார். ஒரு பெருமூச்சு விட்டுவிட்டு, பட்ட பாட்டையெல்லாம் ஒன்றுமில்லாமல் செய்து டயரை வெளியே எடுத்தார். மறுத்து ஒரு வார்த்தை பேசவில்லை. அதுவும் எனக்கு எரிச்சலாக இருந்தது.

திருப்பிப் போட்டு, விளிம்பு ரிம்மின் நடுப்பள்ளத்தை விட்டு நகராதபடி நான் ஒரு பக்கம் முழங்காலால் அழுத்திக்கொண்டேன். அவர் எதிர்ப்பக்கம் நெம்பினார். வழுக்கிக்கொண்டு உள்ளே போனது. ஆனால் காற்றடித்தால் நிற்கவில்லை, சுற்றிலும் புஸ்ஸென்று வெளியேறியது. டயரைச் சுற்றிக் கயிறு கட்டி, அதில் ஒரு கம்பைச் செருகி முறுக்கினேன். நடுவில் இறுக்கினால்தான் ஓரங்கள் விரிந்து ரிம்மைத் தொடும். அவர் கால் பம்பை மிதிக்க ஆரம்பித்தார். டயர்க் கடைக்காரர் மாட்டித் தர மாட்டாராமா என்று கம்பைப் பார்த்துக் கேட்டேன்.

"தரேன்னுதான் சொன்னாரு. நான்தான் வேணாம்னுட்டேன். ஒவ்வொரு தடவையும் தூக்கிட்டு ஓட முடியுமா? நீ போனப்புறம் இதெல்லாம் நான்தானே பாத்துக்கணும். ஓட்டிப் பழகலாம்னுதான் வண்டியையும் எடுத்தேன்."

முறுக்கிக்கொண்டிருந்த என் கை நின்றுவிட்டது. என்னிடம் மூச்சுக்கூட விடாமல் இந்த மனிதர் நான் இல்லாத வீட்டுக்குத் தயாராகிக்கொண்டிருந்திருக்கிறார். நியாயமாகப் பார்த்தால் என் மனம் குளிர்ந்திருக்க வேண்டும். ஆனால் எனக்கு அழுகை வந்தது, கூடவே கோபமும் வந்தது. கோபத்தைத்தான் முதலில் வெளியே விட்டேன்.

"போகாதேன்னு ஒரு வார்த்தை, ஒப்புக்காவது சொல்லக் கூடாதா?"

அவர் மிதிப்பதை நிறுத்தவில்லை.

"சொன்னா நீ நின்னுடுவே. அதான் வாயைத் திறக்கலை."

டயரின் ஒரு பக்கம் டப்பென்று ரிம்மில் உட்கார்ந்தது. கொஞ்ச நேரத்தில் மறுபக்கமும் உட்கார்ந்தது. நான் கயிற்றை அவிழ்த்துப் போட்டுவிட்டு, சோப்புக் கையாலேயே போனை எடுத்து என் மேலதிகாரியைக் கூப்பிட்டேன். வருகிறேன் என்று சொன்னேன். பம்புச் சத்தத்தில் மறுமுனையில் கேட்கவில்லை, இன்னொரு முறை சொல்ல வேண்டியிருந்தது.

திரும்பிப் பார்த்தால் இவர் இன்னும் மிதித்துக்கொண்டிருந்தார். காற்று போதும் என்றேன். சுவர்ப்பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டு, காதில் விழாதவர் போல மேலும் மேலும் மிதித்தார். கடைசியில் நானே போய்ப் பம்பைப் பிடுங்கி வைத்தேன்.