கழுதைக் காது

பட்டுக்கடை லோகநாதன் முதலாளி பென் டிரைவை என் மேஜையில் வைத்தபோதே எனக்கு நினைவு வந்திருக்க வேண்டும். வரவில்லை. செய்தவன் மறந்துவிடுவான் என்பது சரிதான்.

"இதுல அவ குரல் இருக்குதுடா குணா. எந்தக் கம்ப்யூட்டர்லயும் ஓட மாட்டேங்குது" என்றார்.

அவர் மனைவி ரேணுகாம்பாள் இறந்து எட்டு மாதம் ஆகிறது. 2009இல் அந்தக் கடைக்கு நான்தான் ஃபிளாஷ் என்ற அந்தக் கால மென்பொருளில் இணையப் பக்கம் செய்து கொடுத்தேன். புடவையை மவுஸால் தொட்டால் பார்டர் நிறம் மாறும். "வாங்க, உக்காந்து பாருங்க" என்று அந்த அம்மா வரவேற்பார். இன்றைய பிரவுசர் எதுவும் ஃபிளாஷைச் சீண்டுவதில்லை. அதை ஓட்டவென்றே தனி மென்பொருள் உண்டு.

"ஜல்தியா ஓட்டிடலாம் முதலாளி" என்று ஜம்பமாகச் சொன்னேன். உடன் வந்த மகள் பரிமளா அவருக்கு நாற்காலியை இழுத்துப் போட்டாள்.

குரல் வந்தது. முதலாளி கண்ணை மூடிக்கொண்டார். நான் பெருமை தாங்காமல் படத்தைத் திரை முழுக்கப் பெரிதாக்கினேன். பழைய சதுரத் திரையில் தெரியாமல் படத்தின் எல்லைக்கு வெளியே ஒளிந்திருந்ததும் இந்த அகலத் திரையில் சேர்ந்து தெரிந்தது. இடது ஓரத்தில் முதலாளியின் தலை, அதற்குக் கழுதைக் காது, பின்னால் வால்.

நான் வைத்ததுதான். பார்டர் நிறத்தைப் பதினாலு முறை மாற்றச் சொல்லி, கடை ஆட்கள் முன்னால் திட்டிய ஆத்திரம். எல்லைக்கு வெளியே வைத்தால் எவன் பார்க்கப் போகிறான் என்ற திமிர்.

பரிமளா படத்தைப் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள். ஒரு பொத்தானை அழுத்திப் படத்தைச் சிறிதாக்கலாம் என்பதுகூட எனக்குத் தோன்றவில்லை. அவள் எழுந்து, முந்தானையால் திரையின் ஓரத்தை மறைத்துக்கொண்டு நின்றாள்.

முதலாளி கண்ணைத் திறந்தார். "இன்னாம்மா, மறைச்சிகினு நிக்கிற?"

"தூசுப்பா. தொடைக்கிறேன்."

"இன்னொரு வாட்டி போடுடா."

படத்தைச் சிறிதாக்கிப் போட்டேன். முடிந்ததும் அவர் என் கையைப் பிடித்துக்கொண்டார். "அன்னிக்கி உன்ன இன்னா பேச்சு பேசினேன்! அதெல்லாம் மனசுல வச்சிக்காம அவள திருப்பிக் குடுத்துட்ட. நீ நல்லா இருக்கணும்டா."

செருப்பால் அடித்திருந்தால் வாங்கிக்கொண்டிருப்பேன்.

அவர் வெளியே போனதும் பரிமளா வாசலில் நின்றாள். "வீடியோவா எடுத்துக் குடுங்க. அந்த ஓரத்த வெட்டிடுங்க. இனிமே அவரு உங்கள ஊரெல்லாம் நல்லவன்னு சொல்லிகினு இருப்பாரு."

தலையை ஆட்டினேன். நிமிர முடியவில்லை.