சிவப்பாகவே ஒட்டுங்க

தம்பி நகரத் திட்டமிடல் படித்து ஆய்வுக் குழு ஒன்றில் வேலைக்குச் சேர்ந்தான். முதல் ஆய்வே சொந்தக் குடியிருப்பில்தான் என்றதும் தையல்கார அக்காவுக்குத் தலைகால் புரியவில்லை. அம்மா போனபின் அவனைத் தூக்கி வளர்த்தவள் அவள்தானே! மாடி மாடியாக ஏறி, "என் தம்பிதான் வர்றான், கதவைத் திறந்து விடுங்க, எதையும் ஒளிக்காதீங்க" என்று தண்டோரா போடாத குறையாகச் சொல்லிவிட்டு வந்தாள்.

எதிர்வீட்டுக்காரி மட்டும் முரண்டு பிடித்தாள். "ஆபீஸ்காரங்க வீட்டுக்குள்ள வந்தா நல்லதுக்கா வருவாங்க?"

"அடி போடி! அவன் நம்ம வீட்டுப் பிள்ளைடி. எனக்காகத் திற."

அவளும் திறந்தாள்.

கீழ்த்தளச் சுவரில் குடியிருப்பின் பெரிய வரைபடத்தை மாட்டினார்கள். குடியிருக்கிறவர்கள் பிடித்த இடத்தில் பச்சை ஸ்டிக்கரும் பிடிக்காத இடத்தில் சிவப்பும் ஒட்ட வேண்டும். அக்கா முதல் ஆளாகப் போய், தன் வீட்டு வாசலை ஒட்டிய நடைவழியில் பச்சையை ஒட்டினாள். தையல் மெஷினைப் போட்டுக்கொண்டு அக்கம்பக்கத்து வம்பெல்லாம் பேசித் தீர்க்கிற இடம் அது. அதைப் பிடிக்காமல் வேறு எதைப் பிடிக்கும்? தம்பி பின்னாலேயே வந்து அதை நகத்தால் சுரண்டி எடுத்தான்.

"அக்கா, பச்சையைப் பார்த்தா நல்லாத்தானே இருக்குன்னு விட்டுடுவாங்க. சிவப்பு நிறைய இருந்தாத்தான் ரிப்பேர் பண்ணுவாங்க. எல்லாரையும் சிவப்பாவே ஒட்டச் சொல்லு."

அவ்வளவுதான், அக்கா வரிந்து கட்டிக்கொண்டு இறங்கினாள். "கஞ்சத்தனம் பண்ணாதீங்க, சிவப்பாவே ஒட்டுங்க!" ஒழுகாத கூரைக்கும் சிவப்பு, ஒழுங்காகத் தண்ணீர் வருகிற குழாய்க்கும் சிவப்பு. எதிர்வீட்டுக்காரி தன் ஜன்னலுக்கு ஆசையாகப் பச்சையை எடுத்தபோது, கையைப் பிடித்துத் தடுத்ததும் அக்காதான். கடைசியில் வரைபடம் அம்மை போட்ட முகம் மாதிரி இருந்தது.

பொதுக்கூட்டத்தில் அதே வரைபடம் திரையில் விழுந்தது. தம்பி மைக்கைப் பிடித்தான்.

"இங்கே வாழப் பிடிக்கவில்லை என்று மக்களே சொல்லிவிட்டார்கள். இனிப் பழுதுபார்த்துப் பயனில்லை. கட்டிடத்தை இடித்துவிட்டு, குடும்பங்களை ஊருக்கு வெளியே குடியமர்த்தலாம் என்பது எங்கள் பரிந்துரை."

அக்கா நம்பவில்லை. வாய் தவறிச் சொல்லிவிட்டான், இதோ திருத்துவான் என்று அவன் முகத்தையே பார்த்தாள். பாவி, அவள் பக்கம் திரும்பவே இல்லை.

"டேய்! ரிப்பேருக்குன்னுதானே சிவப்பு ஒட்டச் சொன்ன? என் பச்சையைச் சுரண்டினது நீதானே? சொல்லுடா!"

"குடியிருக்கிறவங்க உணர்ச்சிவசப்படுறது சகஜம்தான் சார்" என்று மேடையில் இருந்த அதிகாரியிடம் சொன்னான், யாரோ ஒருத்தியைப் பற்றிச் சொல்வதுபோல. பெற்ற பிள்ளையாய் வளர்த்தவளுக்கு நெஞ்சே வெடித்துவிடும் போலிருந்தது.

பிறகு இறங்கி வந்து அவள் காதருகே குனிந்தான். "அக்கா, கத்தாதே. உனக்கு மட்டும் பக்கத்துத் தெருவுலயே வீடு பேசி வச்சிருக்கேன்."

பக்கத்து நாற்காலியில் இருந்த எதிர்வீட்டுக்காரிக்கு அது காதில் விழுந்துவிட்டது.

"ஐயோ, சத்தியமா எனக்கு எதுவும் தெரியாதுடி!" அக்கா அவள் கையைப் பிடித்தாள்.

அவள் கையை உதறினாள். "அன்னைக்கும் இப்படித்தானே பிடிச்ச" என்று சொல்லிவிட்டு, நாற்காலியைத் தூக்கிக்கொண்டு முன்வரிசைக்குப் போய்விட்டாள்.