நீலப் பெட்டியில் ஆற்று மீன்

“இந்தாங்க, உங்களுக்கு மீன்.”

“எனக்கில்ல, மெஷினுக்கு.”

“மெஷின் குடுத்து வச்சதுதான்!”

ஃபெர்கஸும் நானும் முதன்முதலில் பேசிக்கொண்டது இவ்வளவுதான். என் அம்மா வீட்டுப் படகுத்துறையில், மழைக்கோட்டிலிருந்து தண்ணீர் சொட்டச் சொட்ட, ஒரு பை நிறையத் தட்டைத்தலை மீன்களை நீட்டியபடி அவர் நின்றார். என் பதில் எனக்கே பிடித்துப்போய், வீட்டுக்கு வண்டி ஓட்டிப்போகும் வழியெல்லாம் அதைச் சொல்லிச் சொல்லிப் பார்த்தேன். ‘எனக்கில்ல’ என்று ஏன் சொல்லித் தொலைத்தோம் என்று வருந்த ஆரம்பித்தது மறுநாள்தான்.

அன்று தொடங்கி வருஷா வருஷம் வசந்தத்தில் அவர் எனக்கு மீன் கொண்டுவருகிறார். ஓர் ஆணிடமிருந்து இத்தனை மீன் வாங்கிய பெண் எங்கள் ஹோபார்ட் நகரத்திலேயே இருக்க மாட்டாள். வாங்கியதில் ஒன்றைக்கூடத் தின்னாதவளும் நிச்சயம் இருக்க மாட்டாள்.

டெர்வென்ட் ஆற்றுக் கழிமுகத்து மீன்களில் பாதரசம் எவ்வளவு ஏறியிருக்கிறது என்று அளப்பது எங்கள் அலுவலகத்தின் வேலை. பழைய ஆலைக்கால மிச்சமெல்லாம் ஆற்றடிச் சேற்றில் கிடக்கிறது. சேற்றிலிருந்து புழுவுக்கு, புழுவிலிருந்து மீனுக்கு. ஃபெர்கஸ் மாதிரி சம்பளம் வாங்காத தூண்டில்காரர்கள் பிடித்துத் தருவார்கள். நான் அளந்து, பையிலிட்டு, சீட்டு ஒட்டி, சோதனைக்கூடத்து மெஷினுக்கு அனுப்புவேன். அவர் பள்ளிக்கூடத்தில் தச்சுப் பாடம் சொல்லித்தருபவர். கல்யாணமாகி முறிந்தவர், நானும் அப்படித்தான். இருவருக்கும் நாற்பது தாண்டிவிட்டது. இருவருக்கும் மற்றவர் முகத்தைப் பார்த்துப் பேசத் தெரியாது, மீனைப் பார்த்துத்தான் பேசுவோம்.

அவரிடம் நான் கேட்க வேண்டியது ஒன்று இருந்தது. வருஷா வருஷம் தொண்டை வரை வரும். வாயைத் திறந்தால், “நன்றி, ஆபீஸ்ல கடிதம் அனுப்புவாங்க” என்று வெளியே வரும்.

சரி, அடுத்த வசந்தம் இருக்கவே இருக்கிறது என்று என்னையே தேற்றிக்கொள்வேன். அந்தத் தேறுதலுக்கும் இந்த வருஷம் ஆபத்து வந்தது. எங்கள் குடாவின் பாதரசச் சராசரி இந்த முறை அபாயக் கோட்டுக்குக் கீழே இறங்கினால், இனி மூன்று வருஷத்துக்கு ஒருமுறை அளந்தால் போதும் என்று மேலிடம் முடிவெடுத்துவிட்டது. அலுவலகத்தில் முன்கூட்டியே கேக் வெட்டினார்கள். நான் இரண்டு துண்டு தின்றுவிட்டுக் கழிப்பறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டேன். மூன்று வருஷம்! ஆறு சுத்தமாகித் தொலைத்துவிடுமோ என்று பயந்த முதல் சூழலியல்காரி நானாகத்தான் இருப்பேன்.

எங்கள் கரையில் ஐஸ் பெட்டிக்கு ஒரு சட்டம் உண்டு. சிவப்புப் பெட்டியில் ஆற்று மீன்; அது சோதனைக்கு, தொடக்கூடாது. நீலப் பெட்டியில் புரூனி தீவுப் பக்கத்துக் கடல் மீன், அது அடுப்புக்கு. நடக்கப் பழகும் பிள்ளைக்குக்கூட இது தெரியும்.

அந்தச் சனிக்கிழமை மத்தியானம் அளவுப் பலகையோடு அம்மா வீட்டுக்குள் நுழைந்தேன். கமகமவென்று மீன் வறுவல் வாசனை. கூடத்தில் அம்மாவோடு புல்தரையில் பந்துருட்டி விளையாடும் கிளப்புத் தோழிகள் மடியில் தட்டோடு வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள்.

“வா கண்ணு, கிளெனிஸ்! சூடா ஒண்ணு எடுத்துக்கோ,” என்றாள் அம்மா கரண்டியை ஆட்டி. என் அம்மா தெல்மா மெதுவாகப் பேசி நான் கேட்டதில்லை. “ஃபெர்கஸ் இன்னிக்கு என்னமா மீன் குடுத்திருக்கான் தெரியுமா! பின்படியில வச்சுட்டுப் போயிருந்தான்.”

“எந்தப் பெட்டிம்மா?”

“நீலம். எனக்கென்ன கண்ணு தெரியாதா?”

அப்போது பின்கதவு திறந்தது. படகைக் கழுவிக்கொண்டிருந்த தண்ணீர்க் குழாயோடு ஃபெர்கஸ். தட்டுகளைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். குழாய் அவர் ஷூவுக்குள் தண்ணீர் விட்டுக்கொண்டிருந்தது.

“சிவப்புப் பெட்டி மூடி பாலத்துக்கு அடியில காத்துல பறந்துடுச்சு,” என்றார் ஈனக்குரலில். “அதான் நீலத்துல மாத்தினேன். சொல்லத்தான் வந்தேன். தெல்மாம்மா கேக் குடுத்தாங்க. தின்னேன். மறந்துட்டேன்.”

“அடப்பாவி!” என்றாள் அம்மா. “அப்ப இது ஆத்து மீனா?”

கூடம் முழுக்க முள்கரண்டிகள் அந்தரத்தில் நின்றன. பியூலா மட்டும் மென்றுகொண்டிருந்தாள். கிளப்பிலேயே மூத்தவள் அவள்.

“நாங்க செத்துடுவோமா, கிளெனிஸ்?”

“சேச்சே. இந்த மீனை வாரத்துக்கு ரெண்டு வேளை வரைக்கும் சாப்பிடலாம்னுதான் சொல்லியிருக்காங்க. கர்ப்பிணிங்கதான் இன்னும் ஜாக்கிரதையா இருக்கணும்.”

“அப்படி ஏதாவது ஆச்சுன்னா உனக்குத்தான் முதல்ல ஆளனுப்புவேன்,” என்று பியூலா அடுத்த துண்டை எடுத்தாள். கூடம் வெடித்தது. ஒருத்திக்குப் புரையேறியது. இன்னொருத்தி நாக்கை நீட்டி, “ஏய், வெள்ளியா மின்னுதா பாருங்கடி!” என்று வீடு முழுக்கச் சுற்றிவந்தாள்.

சிரிக்க முடியாதவள் நான் ஒருத்திதான். சாயங்காலம் சோதனைக்கூட வண்டி வந்துவிடும். கையில் ஒரு மீன் இல்லை.

“படகுல பெட்ரோல் இருக்கு,” என்றார் ஃபெர்கஸ்.

“கூட நீயும் போடி,” என்று அம்மா என் முதுகில் கைவைத்துத் தள்ளினாள். “அவன் தனியாப் போனா இந்தத் தடவை படகையே மறந்துட்டு வருவான்.”

இத்தனை வருஷத்தில் நான் அவர் படகில் ஏறியதே இல்லை. ஏறிய வேகத்தில் அளவுப் பலகை ஒரு பக்கம், நான் ஒரு பக்கம் விழுந்தோம். அவர் பலகையை முதலில் தூக்கினார். அலுவலக உபகரணம் என்ற மரியாதையாம். காற்று தொப்பியைப் பிடுங்கியது, அலை முகத்தில் அறைந்தது, நான் காரணமே இல்லாமல் சிரித்துக்கொண்டிருந்தேன். அவரும்தான்.

எதிர்க்கரையில் துத்தநாக ஆலை. அதற்கு நேரே நிறுத்தித் தூண்டில் போட்டோம். முதலில் வந்த நல்ல மீனைத் தண்ணீருக்கு மேலே தூக்கும்போதே ஒரு கறுப்புத் தலை எழும்பி, அதைக் கவ்விக்கொண்டு, எங்களையும் ஒரு பார்வை பார்த்துவிட்டு முங்கியது. கடல்நாய், சீல்!

“திருட்டு ராஸ்கல்!” என்று துடுப்பை ஓங்கிய ஃபெர்கஸ், அப்படியே குலுங்கிச் சிரித்தார். “சின்ன வயசுல இந்த ஆத்துல சீலைப் பாத்ததே இல்ல, கிளெனிஸ். இப்ப டால்பின்கூட வருது. திருடட்டும், விடுங்க.”

பிறகு மீன்கள் வரிசைகட்டி வந்தன. அவர் பிடிக்க, நான் அளக்க, இரண்டு பேரும் தலையிலிருந்து கால்வரை செதிலும் கொழகொழப்பும். அந்த உற்சாகத்தில் ஒரு மீனின் செவுள் முள் என் கட்டைவிரலில் ஆழமாக ஏறிவிட்டது.

“கத்தாதீங்க. இருங்க, இருங்க.” அவர் என் கையைப் பிடித்து இழுத்து, குத்திய அதே மீனின் வயிற்றைக் காயத்தில் வழவழவென்று தேய்த்தார். எங்கள் ஊரில் எல்லாரும் செய்யும் வைத்தியம்தான். வலி போகுமா என்பது விஞ்ஞானத்துக்குத் தெரியாது. எனக்குப் போய்விட்டது. ஒரு மீனின் வயிற்றை நடுவில் வைத்து அவர் என் கையைப் பிடித்திருந்தார். மீன்கூட அசையவில்லை.

“உங்களுக்கு ஒண்ணு சொல்லணும்,” என்றேன், கையை எடுக்காமலே. “இந்த வருஷம் அளவு குறைஞ்சா, இனிமே மூணு வருஷத்துக்கு ஒரு தடவைதான் மீன் எடுப்பாங்களாம்.”

மீனைப் பெட்டிக்குள் போட்டார். எதிர்க்கரை ஆலையைக் கையால் காட்டினார்.

“அப்பா அந்த ஆலையிலதான் கடைசி வரைக்கும் வேலை பார்த்தாரு. ஞாயித்துக்கிழமையானா தூண்டில் போடுவாரு. பிடிச்சதை எங்களுக்கு ஒரு நாளும் தந்ததில்ல. பூனை கத்தும், அதுக்கும் தரமாட்டாரு. எல்லாத்தையும் திரும்ப விட்டுடுவாரு.” மூக்கைத் தேய்த்துக்கொண்டார். “குறைஞ்சா நல்லதுதான், கிளெனிஸ். அவருக்குச் சந்தோஷமா இருக்கும்.”

இன்னும் ஒரே ஒரு மீன் வேண்டும். அப்போதுதான் அவருடைய தூண்டில் வில்லாக வளைந்தது. படகுக்குள் சுற்றிச் சுற்றி அவர் ஓட, நான் வலையோடு பின்னால் ஓட, ஒருவர் மேல் ஒருவர் மோதி, கூச்சலிட்டு, கடைசியில் தூக்கிப் போட்டோம்: தட்டைத்தலையில் ஒரு மகாராணி. இத்தனை வருஷத்தில் இவ்வளவு பெரிய கிழவியை நான் பார்த்ததில்லை.

மீனுக்கு எவ்வளவு வயசோ அவ்வளவு பாதரசம். இவள் ஒருத்தியே எங்கள் குடாவின் சராசரியைக் கோட்டுக்கு மேலே தூக்கி உட்காரவைப்பாள். அடுத்த வசந்தமும் ஃபெர்கஸ் வருவார், அதற்கடுத்ததும். பலகையில் கிடத்தினேன். சோதனைக்கு எடுக்கலாம் என்று எங்களுக்கு வைத்திருக்கும் நீள வரம்பை ஒரு விரல் தாண்டியிருந்தது. ஒரே ஒரு விரல். உடம்பைக் கொஞ்சம் வளைத்துப் பிடித்தால் உள்ளே வந்துவிடும். யார் பார்க்கப் போகிறார்கள்?

“அளவுக்குள்ள இருக்கா?” என்றார், முகமெல்லாம் சிரிப்பாக.

கிழவி வாயைத் திறந்து திறந்து மூடினாள். பதினோரு வருஷமாக நான் செய்வது மாதிரியே இருந்தது. கரைக்கு மீனைக் கொண்டுபோகாத ஒரு மனிதரையும், கத்திக் கத்தி ஓய்ந்த ஒரு பூனையையும் நினைத்துக்கொண்டேன். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

“தாண்டிடுச்சு. விட்டுடுங்க.”

ஃபெர்கஸ் அவளை இரண்டு கையாலும் ஏந்தித் தண்ணீரில் இறக்கினார். வாலை ஒரு வீசு வீசி, எங்கள் இருவர் முகத்திலும் ஆற்றை இறைத்துவிட்டுப் போனாள். அடுத்து வந்தது சாதாரண மீன். அளவெல்லாம் கச்சிதம். சீட்டு ஒட்டி, பையை மூடினேன்.

“அவ்வளவுதான்,” என்றார் ஃபெர்கஸ், கயிற்றைச் சுருட்டியபடி. “அப்ப இனிமே மூணு வருஷம் கழிச்சுப் பாப்போம்னு சொல்லுங்க.”

உதடு மட்டும் சிரித்தது. கண் என்னைப் பார்க்காமல் பெட்டியைப் பார்த்தது.

நான் வாயைத் திறந்தேன். ‘நன்றி, ஆபீஸ்ல கடிதம்’ வரைக்கும் வந்தே விட்டது. விழுங்கினேன்.

“ஃபெர்கஸ், எனக்கு ஒரு மீன் வேணும்.”

“இன்னுமா? கணக்குச் சரியாப் போச்சே?”

“மெஷினுக்கில்ல. எனக்கு. நாளைக்கு என்னையும் கூட்டிக்கிட்டு புரூனி பக்கம் போங்க. நீலப் பெட்டிய எடுத்துக்கலாம். நீங்க பிடிக்கணும், கரையிலயே வச்சு நான் வறுக்கணும், நாம ரெண்டு பேரும் பக்கத்துல பக்கத்துல உக்காந்து சாப்பிடணும்.”