பெயரில்லாத குவியல்

அபேரா மாமா வீட்டுச் சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்தால் என் அம்மாவின் துணிக்கொடி தெரியும். நடுவில் ஒரு மணல் பாதையும் ஒரு சீமைப்பலா மரமும்தான். நான் ஊர் திரும்பிய மூன்றாம் நாள் காலை, அந்தக் கொடியில் அம்மா என் பழைய சட்டைகளைக் காயப்போட்டுக்கொண்டிருந்தாள். நான்கு வருஷமாக யாரும் போடாத சட்டைகள். அழுக்காக வழியே இல்லை. நான் இந்தப் பக்கம் பொரித்த கிளிமீனைத் தின்றுகொண்டு அதைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"இன்னொண்ணு வெச்சுக்கோ" என்றாள் மாமாவின் மனைவி தெபூரா.

"போதும் அத்தை."

"விருந்தாளி போதும்னு சொல்லக் கூடாது."

நான் விருந்தாளி. என் தொப்புள்கொடியைப் புதைத்த தென்னையிலிருந்து அறுபதடி தள்ளி விருந்தாளி. எங்கள் தீவில் கப்பலில் வருகிறவனை எந்தப் படகு முதலில் தொடுகிறதோ, அந்த வீட்டுக்கு அவன் சொந்தம். திரும்பிப் போகும்வரை சாப்பாடு, படுக்கை, சிரித்த முகம் எல்லாம் அந்த வீட்டார் பொறுப்பு. நடுவில் வேறு வீட்டில் ஒரு வாய் தின்றால் அழைத்தவர் தலை நிமிர்ந்து நடக்க முடியாது. நான் வந்த அன்றைக்கு அம்மா விடியும் முன்பே படகில் ஏறி உட்கார்ந்திருந்தாளாம். இயந்திரம் இருமியது, கிளம்பவில்லை. கப்பலைக் கண்டால் பந்தயம் ஓடாமல் இருக்கத் தெரியாத அபேரா மாமா பவளத்திட்டின் வாய்க்காலைத் தாண்டி முதலில் வந்து கயிற்றை வீசிவிட்டார். நான் ஆக்லாந்தில் வாங்கிய அகலத் தொப்பி போட்டிருந்தேன். "எங்க வீட்டுக்கு வாங்க" என்று முழுசாகச் சொல்லி முடித்த பிறகுதான் தொப்பிக்குக் கீழே பார்த்தார்.

"அட, இனானோ மவனாடா நீ!"

அம்மா துடுப்புப் போட்டு மூச்சிரைக்க வந்து சேர்ந்தாள். மாமா கையிலிருந்த கயிற்றைப் பார்த்தாள். "சரி" என்றாள். அவள் திரும்பும்போது இயந்திரம் முதல் இழுப்பிலேயே கிளம்பியது.

பேசித் தீர்க்கக்கூடாதா என்று தோன்றும். பேசினோம். "நானா விட்டுக்குடுத்தா, அபேரா வீட்டுல ஒருத்தனுக்குப் போட வக்கில்லன்னு ஊரு சொல்லும். வேணும்னா நீ மறுபடி கப்பல்ல ஏறி எறங்கு. இந்த வாட்டி நான் மெதுவா வரேன்" என்றார் மாமா. கப்பல் வடக்குத் தீவுகளுக்குப் போயிருந்தது. திரும்ப ஒன்பது நாள் ஆகும். அவர் கிண்டல் செய்யவில்லை.

அம்மாவைப் பாதையில் சந்திப்பேன்.

"சாப்ட்டியா?"

"சாப்ட்டேன்."

"உப்பு?"

"கொஞ்சம் கம்மிதான்."

அதைக் கேட்டு அவள் முகம் சற்றுத் தெளிந்தது. பிறகு, மணலைக் காலால் சமன் செய்தபடி, "கப்பல் வந்தா போயிடுவியா?" என்றாள்.

"பாக்கலாம்."

கல்லூரியில் நான் தேறிய ஒரே பாடம் இந்தச் சொல்தான். படிப்பு இன்னும் ஒரு வருஷம் பாக்கி. திரும்ப வருவேன் என்று துறைத் தலைவருக்கும், ஊரோடு வந்துவிடுகிறேன் என்று அம்மாவுக்கும் ஒரே வாரத்தில் எழுதியிருந்தேன். எழுதும்போது இரண்டும் உண்மையாகத்தான் இருந்தன.

நான்காம் நாள் பறவை எடுக்கும் நாள். வருஷத்தில் ஒரே நாள், ஊரே வடக்குத் திட்டுக்குப் படகில் போகும். செவ்வால் பறவையின் குஞ்சுகள் உப்புப்புதர்களின் அடியில் கோழியளவு கொழுத்து உட்கார்ந்திருக்கும். ஓடத் தெரியாது. பறக்க இன்னும் பத்து நாள் ஆகும். தாய் விட்டுப்போன இடத்தில் உட்கார்ந்தபடி, கிட்டே வருகிறவனைக் கொத்தும், அவ்வளவுதான். உடம்பில் வெள்ளைப் பஞ்சு கொஞ்சமாவது ஒட்டியிருந்தால், இன்னும் சின்னது என்று விட்டுவிட வேண்டும். நான் ஒரு புதருக்குள் கையை விட்டேன். விரலில் ரத்தம்.

"தள்ளி நில்லுடா! விருந்தாளி கையில காயம்னா என் மானம்ல போகும்!" என்று கத்தினார் மாமா.

மதியம் கரையில் பங்கு. தலைக்கு மூன்று பறவை. பிறந்து பதினோரு நாளான குழந்தைக்கும் மூன்று, பல்லே இல்லாத கிழவருக்கும் மூன்று. மாமா கரையில் நின்ற தலைகளை எண்ணித் தென்னை ஓலைமேல் குவியல்கள் வைத்தார். பட்டியல் வைத்திருந்த மிரியாமா டீச்சர் குவியல்களுக்கு முதுகைக் காட்டி, கடலைப் பார்த்து நின்றாள். ஒருவர் குவியலைத் தொட்டு "இது யாருக்கு?" என்று கேட்க வேண்டும், அவள் பார்க்காமல் ஒரு பெயரைச் சொல்வாள். கொழுத்தது யாருக்கு, மெலிந்தது யாருக்கு என்று யாரும் வாய் திறக்க முடியாது. கடைசிக் குவியலுக்குப் பெயர் சொல்லும் முன் அவள் திரும்பினால் எல்லாவற்றையும் கலைத்து மறுபடி தொடங்க வேண்டும்.

பெயர்கள் போய்க்கொண்டே இருந்தன. "இனானோ" என்றதும் அம்மா போய்த் தன் மூன்றை எடுத்து நாரால் கட்டிக்கொண்டாள். அவள் வீட்டுக்கு ஒரு தலைதான்.

கடைசியில் ஒரு குவியல் நின்றது.

"இது யாருக்கு?" என்றார் மாமா.

"முடிஞ்சுதே" என்றது முதுகு.

"ஒண்ணு இருக்கும்மா."

"லிஸ்ட்டு முடிஞ்சுது மாமா. தப்பா எண்ணிட்டீங்க."

"தலையைத்தான் எண்ணினேன்!"

"அது தாயிரி தலை!" என்று யாரோ சொல்ல, கரையே சிரித்தது. தாயிரி நான்தான். விருந்தாளிக்குக் குவியல் கிடையாது. அவன் அழைத்தவர் பங்கில் தின்பான். ஆனால் தலை இருந்தது, எண்ணிவிட்டார்.

"தாயிரி" என்று கடலைப் பார்த்தே கேட்டாள் மிரியாமா. "நீ இங்க இருக்கப் போறியா, கப்பல்ல போகப் போறியா? இருக்கேன்னா உன் பேரச் சொல்றேன். போறேன்னா குவியலப் பிரிச்சிடலாம்."

"அவன் எங்க விருந்தாளி" என்றாள் தெபூரா.

"பேரு விழுந்துட்டா அவன் ஊர்க்காரன் அத்தை. அவங்க அம்மா வீட்டுக்குப் போயிடலாம்."

மாமா யோசித்தார். "அப்போ நான் விட்டுக்குடுத்ததா ஆகாதே?"

"ஆகாது."

அவர் முகத்தில் பெரிய நிம்மதி. வீட்டில் கிளிமீன் தீர்ந்துபோயிருந்ததை நான் அறிவேன்.

ஐம்பத்தேழு பேர் என்னைப் பார்த்தார்கள். மிரியாமா கடலைப் பார்த்து நின்றாள். அம்மாவும் என்னைப் பார்க்கவில்லை. நார்க்கட்டை அவிழ்த்து, மறுபடி கட்டினாள்.

"அவசரப்படுத்தாதீங்க. யோசிக்கட்டும்" என்றாள். சற்றுப் பொறுத்து, "வெயில் தாழுறதுக்குள்ள யோசிச்சா நல்லது. பறவை கெட்டுடும்" என்றாள்.

யோசித்தேன். 'இருக்கேன்' என்ற சொல் நாக்கு நுனிவரை வந்தது. அது அம்மாவுக்காக வந்ததா, ஐம்பத்தேழு பேருக்காகவா, அல்லது தெபூராவின் உப்பில்லாத சமையலிலிருந்து தப்பிக்கவா என்று தெரியவில்லை. விழுங்கினேன். 'போறேன்' வந்தது. அதுவும் அதே ருசியாக இருந்தது. ஊரில் நாலு பேர் முன் ஒரு சொல் விழுந்தால் திரும்ப எடுக்க முடியாது என்பதற்கு நானே நான்கு நாளாகச் சாட்சி. ஆனால் மாமா ஆள் தெரியாமல் அழைத்ததற்குத் தொப்பி இருந்தது, இங்கே நான் வாய் தவறினால் தொப்பியைக் குறை சொல்ல முடியாது. தலை வெறுந்தலையாகத்தான் இருந்தது.

"இது யாருக்கு?" என்றார் மாமா மறுபடி, குவியலைத் தொட்டபடி.

கடல் ஏறத் தொடங்கியிருந்தது. முதல் அலை மிரியாமாவின் கணுக்காலை நனைத்துப் போனது. அடுத்தது பாவாடை ஓரத்தை. அவள் பட்டியலை நெஞ்சு உயரத்துக்குத் தூக்கிப் பிடித்துக்கொண்டாள். மூன்றாவது அலை அவள் செருப்பில் ஒன்றைக் கழற்றி இழுத்துக்கொண்டு போனது. அது தண்ணீரில் கொஞ்ச தூரம் போய், வெயிலில் மினுங்கியபடி மிதந்தது. ஒற்றைச் செருப்போடு, இன்னும் ஒரு பெயருக்காக அவள் நின்றாள். திரும்பவில்லை.