ஊரை அழித்தவள்

1

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பிறகு 'ஆளை ஏமாற்றிவிட்டான்' என்று யாரும் வரக் கூடாது. இந்தக் கதையில் எனக்கு உண்மையென்று தெரிந்தது ஒரு வாக்கியம்தான். மற்றதெல்லாம் என் கைச்சரக்கு.

அந்த வாக்கியத்தை ஒரு கண்ணாடிக் கடையில் கேட்டேன். கண் சோதிக்கும் பெண் ஓர் இரும்புச் சட்டத்தை என் மூக்கில் மாட்டி, வில்லைகளை மாற்றி மாற்றிப் போட்டு, "இதுல தெளிவா இருக்கா, அதுல தெளிவா இருக்கா?" என்று கேட்டுக்கொண்டிருந்தாள். எனக்கு இரண்டும் ஒன்றாகத்தான் இருந்தன. சும்மா "அதுல" என்றேன்.

"யோசிச்சுச் சொல்லுங்க சார். அவசரப்பட்டா அப்புறம் நீங்கதான் கஷ்டப்படணும்" என்றாள். பிறகு என்ன தோன்றியதோ, "நான் இப்படித்தான் அவசரத்துல ஒரு ஊரையே அழிச்சுட்டேன்" என்று சிரித்தாள்.

"ஊரையா?"

"கேம்ல சார். வீடு கட்டி, செடி வெச்சு, அக்கம்பக்கத்துல பழகி வாழுற மாதிரி ஒரு கேம். நானும் என் தம்பியும் சேர்ந்து வெச்சிருந்த ஊரு."

'தம்பி' என்ற இடத்தில் சிரிப்பு நின்றுவிட்டது. அடுத்த வில்லையைப் போட்டாள். அவள் முகத்தை நான் பார்க்கவில்லை. கண் சோதனையில் உட்கார்ந்திருப்பவனுக்கு யார் முகம் தெரியும்? கண்ணாடியை வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். சிரிப்பு நின்ற அந்த இடமும் கூடவே வந்துவிட்டது.

2

தொடக்கங்கள். எழுதியதும் அடித்ததும் அப்படியே இருக்கட்டும்.

(அ) 'அவள் பொத்தானை அழுத்தியதும் முதலில் ஏரி மறைந்தது.' பொய். அப்படியெல்லாம் மறையாது. திரை கறுக்கும், ஒரு பாட்டு வரும், அவ்வளவுதான்.

(ஆ) 'வாழ்க்கையே ஒரு விளையாட்டு என்பார்கள். ஆனால்' – இதை எழுதிய கைக்கு இரண்டு வைக்க வேண்டும். பாதியிலேயே நிறுத்திவிட்டேன்.

(இ) 'ஆடு கோபமாக இல்லை.' இது பரவாயில்லை. இதைப் பிடித்துக்கொண்டு போகலாம்.

3

ஆடு கோபமாக இல்லை. அதுதான் அவளுக்குத் தாங்கவில்லை.

விளையாட்டில் அவர்கள் ஊர் ஏரிக்கரையோரம் ஒரு சிற்றூர். ஒரு கேம் மிஷினுக்கு ஓர் ஊர்தான்; முதலில் பெயர் கொடுப்பவர் தலைவர். அக்கா என்ற ஒரே தகுதியில் இவள் தலைவியாகிவிட்டாள். தம்பிக்குப் பக்கத்து வீடு. மற்றவர்களெல்லாம் பேசும் விலங்குகள்: தபால்கார ஆந்தை, தூண்டில் விற்கும் தவளை, ரொட்டிக்கடை ஆடு. "இங்க பூச்செடி வைடா" என்பாள், வைப்பான். "நல்லா இல்ல, பிடுங்கு" என்பாள், பிடுங்குவான். பிடுங்கிவிட்டு "சரிங்க மேடம்" என்பான். "இந்தக் கட்சியில தொண்டன் நான் ஒருத்தன்தான், பார்த்து நடத்துக்கா" என்பான்.

அந்த விளையாட்டில் ஒரு வேடிக்கை உண்டு. ஊர்க்காரர்களுக்கு ஒரு வால்வார்த்தை கற்றுக்கொடுக்கலாம். பேசி முடிக்கும்போதெல்லாம் அதைச் சேர்த்துச் சொல்வார்கள். தம்பி ஆட்டைப் பிடித்துப் பாடம் நடத்திவிட்டான். மறுநாள் இவள் ரொட்டிக்கடைக்குள் போனால், "ரொட்டி சூடா இருக்கு, சரிங்க மேடம்" என்றது ஆடு.*

(* விளையாட்டுக்குத் தமிழ் தெரியாது. வால்வார்த்தையை மட்டும் நாமே தட்டலாம் என்பதால் தம்பி அதை ஆங்கில எழுத்தில் தட்டியிருந்தான். ஆடு பேசியதில் மற்றதெல்லாம் என் மொழிபெயர்ப்பு. கொஞ்சம் கூடுதலாகவே மொழிபெயர்க்கிறேன்.)

பிறகு தம்பிக்கு வெளிநாட்டில் வேலை கிடைத்தது. லீவுக்கு வரும்போதெல்லாம் பெட்டியைக்கூடத் திறக்காமல் முதலில் மிஷினைத்தான் எடுப்பான்.

பிறகு அப்பாவுக்கு முடியாமல் போனது.

[இங்கே நான் பேனாவைக் கீழே வைத்தேன். அந்தப் பெண்ணுக்கு அப்பா இருக்கிறாரா இல்லையா என்றே எனக்குத் தெரியாது. நின்றுபோன ஒரு சிரிப்புக்காக, உயிரோடு இருக்கும் ஒருத்தியின் தலையில் ஒரு சாவைத் தூக்கி வைக்கலாமா? கடைக்குப் போய்க் கேட்டுவிடலாம் என்றுகூடக் கிளம்பினேன். "உங்க சோகத்தைக் கொஞ்சம் சரிபார்க்கணும்" என்று எந்த வாயால் கேட்பது? திரும்பிவிட்டேன். கதைக்கு ஒரு காரணம் வேண்டியிருக்கிறது. கண்ணாடிக் கடைப் பெண்ணே, என்னை மன்னித்துக்கொள்.]

அவள் அம்மா எப்போதோ போய்ச்சேர்ந்துவிட்டாள். ஆஸ்பத்திரிக்கும் கடைக்கும் வீட்டுக்குமாக இவள் ஒருத்தியே அலைந்தாள். "அடுத்த வாரம் லீவு தந்துடுவாங்கக்கா" என்று ஒவ்வொரு வாரமும் சொன்னான் தம்பி. அப்பா காத்திருக்கவில்லை.

அன்று தம்பி போன் செய்தான். அழுதுகொண்டே, "டிக்கெட் போட்டுட்டேன்க்கா. கிளம்பிட்டேன்" என்றான்.

"எதுக்கு? இருந்தப்ப வராதவன் இப்ப வந்து என்ன பண்ணப் போற? வராதே."

ஆத்திரக்காரருக்குப் புத்தி மட்டு. அந்த நேரத்தில் அவள் அவனை அடித்திருந்தால்கூட நன்றாக இருந்திருக்கும். அவன் அழுகையை நிறுத்தினான். பிறகு, "சரிக்கா" என்றான்.

வரவில்லை. அவன்தான் சொன்ன பேச்சுக் கேட்பவனாயிற்றே.

வீடு நிறையச் சொந்தக்காரர்கள். அம்மாவின் தங்கை, சித்தி, நடுவில் உட்கார்ந்து, "பெத்த அப்பன் முகத்தைப் பார்க்கக்கூட வரலையே. மனுசனா அவன்? காசு பார்த்ததும் கல்லாயிட்டான்" என்றாள். அந்தக் குடும்பத்தில் சித்தி சொன்னால் சொந்தம் முழுக்கச் சொன்ன மாதிரி. இவள் கையில் தட்டோடு நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். 'நான்தான் வராதேன்னு சொன்னேன்' என்று சொல்ல எவ்வளவு நேரமாகியிருக்கும்?

"டீ எடுத்துக்கோங்க சித்தி" என்றாள்.

4

ஊர் வாயை மூட உலைமூடி உண்டா? சித்தி சொன்னது எல்லா வீட்டுக்கும் போனது. முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்துவிட்டு இவள் வேலைக்குப் போய்வந்தாள். தம்பி எப்போதாவது 'நல்லாயிருக்கியா' என்று எழுதுவான். 'ம்' என்று பதில் போடுவாள். பிறகு அதுவும் நின்றது. வருடங்கள் போயின.

ஒரு விடுமுறை நாள் பிற்பகலில், அலமாரியைத் துடைக்கும்போது மிஷின் கைக்கு வந்தது. மின்சாரம் ஏற்றித் திறந்தாள். ஊர் முழுக்கக் களை. தம்பி வீட்டுக் கதவு வரைக்கும் மண்டிக் கிடந்தது. ரொட்டிக்கடை வாசலில் நின்ற ஆடு இவளைக் கண்டதும் குதித்து ஓடி வந்தது.

"எங்க போயிட்டீங்க? எல்லாரும் உங்களைத்தான் பேசிட்டிருந்தோம், சரிங்க மேடம்."

பொத்தானை அழுத்தினாள். அடுத்த பேச்சு.

"பக்கத்து வீடு பூட்டியே கிடக்கு. உங்க தம்பி ஏன் வர்றதே இல்ல, சரிங்க மேடம்?"

அவள் மிஷினைக் குப்புறக் கவிழ்த்து வைத்தாள். மறுபடி எடுத்தாள். ஆடு இன்னும் அதே இடத்தில், தலையைச் சாய்த்துக்கொண்டு, பதிலுக்கு நின்றது. திட்டியிருந்தாலாவது திருப்பித் திட்டியிருக்கலாம்.

எல்லாவற்றையும் அழித்துவிட்டுப் புதிதாகத் தொடங்கினால் யாரும் எதுவும் கேட்க மாட்டார்கள். அதற்கும் விளையாட்டில் வழி இருந்தது. ஆந்தை வந்து, 'ஊரும் ஊரில் உள்ள எல்லாரும் போய்விடுவார்கள், நிச்சயமா?' என்று கேட்டது. விடாமல் கேட்டது. வேலையில் இதே மாதிரி நூறு பேரை 'யோசிச்சுச் சொல்லுங்க' என்று நிறுத்துகிறவள், எல்லாவற்றுக்கும் 'ஆமாம், ஆமாம்' என்று அழுத்தித் தள்ளினாள்.

புது ஏரி. புது ஆந்தை. 'வருக! உங்கள் பெயர் என்ன?'

அப்பாடா என்று இருந்தது. அந்த அப்பாடா ஒரு குளியல் வரைக்கும் வந்தது. தலையில் தண்ணீர் ஊற்றும்போதுதான் உறைத்தது: ஒரு கேள்விக்குப் பயந்து, அவனைக் கேட்காமலே அவன் வீட்டையும் இடித்துவிட்டோம்.

5

சில வாரம் கழித்து, கடையில், தம்பியிடமிருந்து செய்தி.

'அக்கா, நம்ம ஊரு இன்னும் இருக்கா?'

[வாழ்க்கையில் இப்படியெல்லாம் நடக்காது என்கிறீர்களா? நடக்கும். வாழ்க்கை எழுதினால் 'தற்செயல்' என்பீர்கள்; நான் எழுதினால் மட்டும் 'சினிமா' என்பீர்கள்.]

அடுத்தவருக்குக் கண் சோதித்தபோது வலது கண்ணின் எண்ணை இடது கண்ணுக்கு எழுதிவிட்டாள். நல்லவேளை, கண்ணாடி அறுக்கப் போகும் முன் பார்த்துத் திருத்தினாள். பிறகு பின்னறைக்குப் போய், 'இருக்குடா. வேலையா இருக்கேன். சாயங்காலம் போட்டோ அனுப்புறேன்' என்று எழுதினாள்.

பொய்க்குப் பொய் துணை. வீட்டுக்கு வந்ததும் பழைய ஊரை மறுபடி செய்ய உட்கார்ந்தாள். ஊர் தொடங்குவாள், ஏரி வேறு பக்கம் இருக்கும். அழிப்பாள். மறுபடி தொடங்குவாள், ஏரி சரியாக இருக்கும், ரொட்டிக்கடையில் ஒட்டகம் நிற்கும். அழிப்பாள். பெங்குவின். அழிப்பாள். ஒரு கோழி ஆசையாக, "நான் உங்க பக்கத்து வீடு!" என்று சொல்லி முடிப்பதற்குள் அதையும் அழித்தாள். தும்பை விட்டு வாலைப் பிடிப்பது என்பார்களே, அது இதுதான். சாயங்காலம் தாண்டியது. போட்டோ போகவில்லை. 'நாளைக்கு' என்று எழுதினாள். மறுநாளும் 'நாளைக்கு' என்றே எழுதினாள்.

கடைசியில் அதே ஆடு வந்தது. அதே கொம்பு, அதே ஏப்ரன். "உங்களை முதல்தடவை பார்க்குறதுல ரொம்ப சந்தோஷம், மே" என்றது. கம்பெனி கொடுத்த வால்வார்த்தை. மாற்றிவிடலாமே என்று அவளே தட்டினாள். ஆடு தலையாட்டியது.

"இன்னைக்கு வெயில் அதிகம், சரிங்க மேடம்."

தன்னைக் கேலி செய்யத் தானே ஆள் வைத்துக்கொண்டதுபோல் இருந்தது. 'சரிக்கா' என்று அவன் போனில் சொன்னதை நினைத்து, ஆட்டின் முன்னால் உட்கார்ந்து அழுதாள்.

6

இந்த இடத்தில் எனக்கே மனசு கேட்கவில்லை. எழுதுகிறவன் நான்தானே? நாலாம் பகுதியில் அந்த 'ஆமாம், ஆமாம்' வரியை அடித்துவிட்டால் போதும். ஊர் திரும்பி வந்துவிடும். அடித்தேன்.

அவள் அழுத்தவில்லை. களையைப் பிடுங்கினாள். தம்பியின் செய்தி வந்தது. ஊரைப் போட்டோ எடுத்து அனுப்பினாள். 'ஆடு இன்னும் சொல்லுதா?' 'சொல்லுதுடா, மானத்தை வாங்குது.' இரண்டு பேரும் சிரித்தார்கள். பிறகு தினமும் பேசினார்கள், பூச்செடியைப் பற்றி, தூண்டிலைப் பற்றி. ஒரு கல்யாணத்துக்கு அவன் ஊருக்கு வந்தான். மண்டபத்தில் சித்தி அவனைக் கண்டு முகத்தைத் திருப்பிக்கொண்டாள். மற்றவர்களும் திருப்பிக்கொண்டார்கள். அக்கா அவன் பக்கத்தில் உட்கார்ந்து, போனில் ஆட்டின் போட்டோவைக் காட்டிக்கொண்டிருந்

சீ. வேண்டாம். ஊர் பிழைத்தால் அவள் வாயே திறக்க மாட்டாள். அழித்தது அழித்ததாகவே இருக்கட்டும்.

7

மூன்றாம் நாள் மதியம், பின்னறையில், சாப்பாட்டு டப்பாவைத் திறக்காமலே எழுதினாள்.

'பொய் சொன்னேன்டா. ஊரு இல்ல. நான்தான் அழிச்சேன். ஆடு உன்னைப் பத்திக் கேட்டுச்சு. எனக்குப் பதில் சொல்ல முடியல.'

அவன் பதில் எழுதுவதாகப் போன் காட்டியது. நின்றது. மறுபடி காட்டியது.

[தம்பியின் பதிலை நான் பல விதமாக எழுதிப் பார்த்தேன். ஒன்றில் கத்தினான். ஒன்றில் பதிலே இல்லை. இரண்டும் எனக்குச் சுலபம். ஆனால் நான் படைத்த தம்பி அப்படிப்பட்டவன் இல்லை; அவன் இப்படித்தான் எழுதுவான்.]

'அட விடுக்கா. போனாப் போகுது. புதுசா ஆரம்பிக்கலாம். அதுலயும் நீயே தலைவி, போதுமா?'

அவள் சிரித்தாள். மூக்கை உறிஞ்சிக்கொண்டாள். அடுத்தது வந்தது.

'சித்தி பொண்ணு கல்யாணத்துக்கு வரலாம்னு பார்க்குறேன். வரட்டுமா?'

இத்தனை வருடம் கழித்தும் 'வரட்டுமா' என்று கேட்கிறான் பாருங்கள். சொந்த ஊருக்கு வர இவளிடம் அனுமதி. அவள், 'வாடா. வாடா தம்பி' என்று எழுதினாள்.

'சித்தி என்கூடப் பேசுவாங்களாக்கா?'

அவனுக்குத் தெரிந்திருக்கிறது. யார் யார் என்னென்ன பேசினார்கள் என்று எல்லாமே தெரிந்திருக்கிறது. தெரிந்தும் 'நீதானே வராதேன்னே' என்று அவன் ஒருவரிடமும் சொல்லவில்லை. இவளிடம்கூடச் சொல்லவில்லை.

அவள் சித்திக்குப் போன் செய்தாள்.

8

முடிவு.

ஒரு முடிவில் அவள் எல்லாவற்றையும் சொல்கிறாள், சித்தி அழுகிறாள். இன்னொன்றில் சித்தி, "இதை அன்னைக்கே சொல்லியிருந்தா அந்தப் பிள்ளைய இத்தனை வருஷம் நாங்க தூத்தியிருப்போமாடி?" என்று கேட்டுவிட்டுப் போனை வைத்துவிடுகிறாள், இனி இவளோடு பேசுவதில்லை. மூன்றாவதில் இவள் வழக்கம்போல, "ஒண்ணுமில்ல சித்தி, சும்மாதான். புடவை எடுத்தாச்சா?" என்கிறாள். மூன்றுக்கும் இடமிருக்கிறது. எது தெளிவாக இருக்கிறது என்று என்னைக் கேட்காதீர்கள்.

அவள் சொல்ல வேண்டியது ஒரு வரிதான். அதை என்னால் இப்போதே எழுதிவிட முடியும். எழுதினால் அது நான் சொன்னதாகும், அவள் சொன்னதாகாது. அந்தத் தம்பிக்கு என் வாக்குமூலம் எதற்கு? உங்களுக்கு அவளிடம் ஏதாவது செல்வாக்கு இருந்தால் நீங்கள் சொல்லிப் பாருங்கள். இல்லை, உங்களுக்கே இப்படி ஒரு போன் பாக்கி இருந்தால், புத்தகத்தை மூடிவிட்டு அதைச் செய்துவிட்டு வாருங்கள்.

என்னால் முடிந்தது இவ்வளவுதான்: போனை வைக்கவிடாமல் சித்தியைப் பிடித்து நிறுத்தியிருக்கிறேன்.

"ஹலோ... ஹலோ? யாரு, நீயா? என்னம்மா சத்தத்தையே காணோம்? நான் இருக்கேன், நல்லாக் கேக்குது. சொல்லு."