குண்டிப் பாறைக்கு ஒரு நீதி

1

கூச்சமாக இருந்தாலும் சொல்லிவிடுகிறேன்: இந்தக் கதை ஒரு சுற்றறிக்கையிலிருந்து பிறந்தது. மற்ற எழுத்தாளர்களுக்குக் கதை கனவில் வரும், மழையில் வரும். எனக்கு மாவட்டத் தலைநகரிலிருந்து முத்திரை குத்தி வந்தது. ஒவ்வொரு கிராமமும் தன் ஊர்க்கதை ஒன்றைத் திருவிழாவில் நடித்துக் காட்ட வேண்டும். முடிவில் பிள்ளைகளுக்கு ஒரு நீதி இருக்க வேண்டும். நீதி இல்லாத கதைகள் பரிசீலிக்கப்பட மாட்டா.

விசாயத் தீவுகளின் ஒரு மூலையில் இருக்கும் எங்கள் ஊரில் கைவசம் கதை எதுவும் இல்லை. கரைக்கு எதிரே கடலுக்குள் ஒரு பாறைதான் இருக்கிறது. அதன் பெயர் குண்டிப் பாறை. நேரில் பார்த்தால் ஏன் என்று கேட்க மாட்டீர்கள்.

எங்கள் ஊராட்சித் தலைவர் மெத்ரிங் (தலைவரை இங்கே கப்பித்தான் என்போம், அவருக்கும் கப்பலுக்கும் சம்பந்தமில்லை) ஒரு காலைப்பொழுது முழுக்க அந்தப் பாறையை உற்றுப் பார்த்தார். பிறகு அறிவித்தார்.

"அது குண்டி இல்லடா. முட்டி போட்டு அழுவுற பொண்ணு."

அப்பன் பேச்சைக் கேட்காத பொண்ணு என்று மறுநாள் சேர்த்துக்கொண்டார்.

2

தொடக்கம், முதல் முயற்சி: "முன்னொரு காலத்தில் விசாயக் கடலோரத்தை ஆண்ட சிற்றரசன் ஒருவனுக்கு..." வேண்டாம். இது கப்பித்தானின் கதை. அதை அவரே எழுதிக்கொள்ளட்டும்.

இரண்டாம் முயற்சி: "திபாங்கின் கண்களில் கடல் ததும்பிக்கொண்டிருந்தது. அவளுடைய கூந்தல்..."

இதைத் திபாங்கிடமே வாசித்துக் காட்டினேன். உப்புக்கண்டம் வறுத்துக்கொண்டிருந்தவள் திரும்பிப் பார்த்தாள்.

"கண்ணுல கடலா? கண்ணாஸ்பத்திரிக்குல்ல போயிருப்பேன்? எனக்கு என்ன வேலை கெடைச்சுது, யாரு விடல, அதை எழுது."

எழுதுகிறேன்.

ப்ரிமிதிவா என்கிற திபாங் கப்பித்தானின் ஒரே மகள். நாற்பதைத் தாண்டியவள். கல்யாணம் ஆகவில்லை, அதற்கு அப்பாவுக்கு நேரம் கிடைக்கவில்லை. தீவுக்குத் தீவு ஓடும் கப்பல் ஒன்றில் சமையல்காரியாக வரச் சொல்லி அவளுக்கு அழைப்பு வந்திருந்தது. திருவிழாவுக்கு மறுநாள் துறைமுகத்தில் நிற்க வேண்டும்.

"கப்பித்தான் மவ கப்பல்ல எச்சித் தட்டு கழுவுறதா?" என்றார் அப்பா.

"இங்கயும் அதைத்தான்பா கழுவுறேன்."

"இது நம்ம வீட்டுத் தட்டு!"

"அங்க சம்பளம் தருவாங்க."

அதற்குப் பதில் இல்லாததால் அவர் கதை எழுதப் போனார். பதில் இல்லாதவர்கள் கதை எழுதுவது எங்கள் தொழிலில் சகஜம்.

(ஒரு குறிப்பு. இங்கே பிள்ளைகள் அப்பாவைக் கூப்பிடும் சொல் தமிழில் எழுதினால் "தாய்" என்று வரும். அம்மாவைக் கூப்பிடும் சொல்லை எழுதினால் என்னை அடிக்க வருவீர்கள். அதனால் அப்பா, அம்மா என்றே போட்டுவிடுகிறேன்.)

3

கதையைக் கொஞ்சம் நிறுத்திவிட்டு ஒரு சிறு பிரசங்கம் செய்ய வேண்டியிருக்கிறது.

இந்தத் தீவுகளின் கதைகளை நெடுங்காலமாகக் கேட்டு வருகிறேன். வேலை செய்யாத பெண் பழமாகிவிடுவாள். எதிர்த்துப் பேசியவள் மீனாகிவிடுவாள். அழகில் கர்வம் கொண்டவள் பூ. காதலித்து ஓடியவள் மலை. பிள்ளைகள் சொன்ன பேச்சைக் கேட்டிருந்தால் இங்கே சந்தையில் விற்க ஒன்றுமே இருந்திருக்காது. நாட்டின் மொத்த விளைச்சலும் கீழ்ப்படியாமையில் வந்தது.

ஆனால் நான் கேட்ட எந்தக் கதையிலும் ஒரு அப்பன் ஒரு கத்திரிக்காயாகக்கூட மாறியதில்லை.

மரியாதை, அடக்கம், நன்றிக்கடன் என்று நீதிகளை வரிசையாகச் சொல்வார்கள். நல்ல நீதிகள்தான், மறுக்கவில்லை. ஒரு நீதி எப்போதும் ஒரே திசையில் ஓடினால் அதற்குப் பெயர் நீதியா, சாக்கடையா என்பதுதான் என் சந்தேகம்.

4

கப்பித்தானின் பாத்திரம் எனக்குச் சரியாக அமையவில்லை. மேலே எழுதியதை வைத்து அவரை ஒரு கொடுங்கோலன் என்று நினைத்திருப்பீர்கள். எனக்கும் அது வசதிதான். ஆனால் மனைவி செத்தபோது திபாங்குக்கு ஆறு வயது. அப்போது தலை பின்னக் கற்றுக்கொண்டவர் இவர். பின்னல் கோணலாக வரும். பள்ளிக்கூட வாசலில் பிள்ளைகள் சிரிப்பார்கள். அவர் போய் அந்தப் பிள்ளைகளின் அப்பன்களை முறைத்துவிட்டு வருவார். இன்றைக்கும் மாம்பழத்தை அறுத்தால் கன்னச் சதை இரண்டும் மகளுக்கு, கொட்டை அவருக்கு.

(இந்தப் பத்தியை எடுத்துவிடலாமா என்று திபாங்கிடம் கேட்டேன். "வேணாம், இருக்கட்டும். அதனாலதானே இவ்ளோ நாளாச்சு" என்றாள்.)

5

கூடைப்பந்து மைதானம்தான் மேடை. ஞாயிறு பூசை முடிந்து, முழுப் பன்றி வெந்துகொண்டிருந்த வாசனையில் ஊரே பசியோடு உட்கார்ந்திருந்தது. தலைநகரிலிருந்து வந்த நடுவர்கள் முன்வரிசையில் விசிறிக்கொண்டிருந்தார்கள். சிற்றரசனாக நடிக்கத் தகுதியான ஆள் வேறு யாரும் இல்லாததால் கப்பித்தானே நடித்தார். கட்டில் விரிப்பு தோளில், தங்கக் காகிதக் கிரீடம் தலையில், கன்னத்தில் சிவப்புச் சாயம். மகளாக மகளே நடிக்க வேண்டும் என்பதும் அவருடைய உத்தரவு.

கதை இதுதான்: மகள் கடலைத் தாண்டிப் போக ஆசைப்படுகிறாள். அப்பா சபிக்கிறார். மகள் முட்டி போட்டுச் சாம்பல்நிறத் துணியைப் போர்த்திக்கொண்டு பாறையாகிவிடுகிறாள். நீதி. கைதட்டல். சாப்பாடு.

"நன்றிகெட்டவளே, கல்லாகு!" என்றார் கப்பித்தான். மேளம் அடித்தது.

திபாங் துணியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றாள்.

"கல்லாகு!"

மறுபடியும் மேளம். அவள் ஒலிபெருக்கிக்குப் பக்கத்தில் வந்தாள்.

"நான் கல்லாயிட்டா நாளைக்கு உங்களுக்கு யாருப்பா சோறாக்குறது?"

மைதானம் வெடித்துச் சிரித்தது. "மூணு துண்டாக்கி அடுப்பா வெச்சிக்குங்க கப்பித்தான்!" என்று பின்வரிசையிலிருந்து ஒரு குரல் வந்தது.

"நடிடீ" என்று அவர் பல்லைக் கடித்தார். அதுவும் ஒலிபெருக்கியில் கேட்டது. "எல்லாரும் பாக்குறாங்க."

"பாக்கட்டும். வீட்டுக்குள்ள இத்தன வருசம் கல்லாத்தானே கெடந்தேன். அப்ப ஒருத்தரும் பாக்கலையே."

இதற்கும் சிரித்தார்கள், கொஞ்சம் தாமதமாக. திபாங் துணியை நான்காக மடித்தாள் (கைப்பழக்கம்), அரியணைமேல் வைத்துவிட்டு இறங்கிப் போனாள்.

கப்பித்தான் தனியாக நின்றார். நடுவர்கள் இருந்ததால் அவர் நீதியைச் சொல்லியே ஆக வேண்டும். "ஆகவே பிள்ளைகளே..." என்று ஆரம்பித்தார். அதற்குமேல் வரவில்லை. அவர் மூச்சு மட்டும் ஒலிபெருக்கியில் வெகுநேரம் கேட்டது.

6

இங்கே முடிக்கலாம். சில முடிவுகள் வைத்திருக்கிறேன்.

அரசாங்க முடிவு: புதுமைக்காக ஆறுதல் பரிசு. பாறைக்கு எதிரே ஒரு பலகை, ஒரு கழிப்பறை.

பாதிரியாருக்குப் பிடித்த முடிவு: மகள் அழுதுகொண்டே திரும்பி வந்து ஆசி கேட்டு அப்பாவின் கையை எடுத்து நெற்றியில் ஒற்றிக்கொள்கிறாள்.

என் முடிவு: கப்பலின் மேல்தளம், காற்று, திபாங் திரும்பிப் பார்க்கவில்லை, விடியல் அவளுடைய...

"சமையல்காரி மேல்தளத்துல என்ன பண்றா?" என்று கேட்டாள் திபாங். அதையும் அடித்துவிட்டேன்.

7

மறுநாள் காலையில் நடந்தது.

துறைமுகத்துக்குப் போக ஒரே வழி தாரிக்கின் படகு. திபாங் மடியில் பையோடு ஏறி உட்கார்ந்தாள். சந்தைக்குப் போகிறவர்கள் கூடைகளோடு கரையில் நின்றார்கள். எல்லோரும் நேற்றுச் சிரித்தவர்கள். கப்பித்தான் வந்தார். கன்னத்துச் சிவப்பு இன்னும் முழுசாகப் போகவில்லை.

"படகு போவாது."

"ஏன் கப்பித்தான்?" என்றான் தாரிக்.

"அலை அதிகம்."

கடல் தட்டில் ஊற்றிய கஞ்சிபோல அசையாமல் கிடந்தது.

"அலையா?"

"நான் அலைன்னா அலை." பிறகு குரலைத் தாழ்த்தினார். "ஒன் மூத்தவனுக்கு ஞானஸ்நானத்துல ஞானத்தகப்பனா நின்னது யாருடா? வருசாவருசம் இந்தப் படகுக்கு அனுமதி யாரு கையெழுத்துல வருது?"

தாரிக் இஞ்சினைக் கிளப்பும் கயிற்றில் கை வைத்திருந்தான். திபாங் அப்பாவைப் பார்க்கவில்லை. தாரிக்கைப் பார்த்துச் சொன்னாள்:

"இழு."

கரையில் நின்றவர்கள் தங்கள் கால்விரல்களைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஒருவரும் சிரிக்கவில்லை.

அடுத்து நடந்ததை ஒரு பக்கம் எழுதினேன். திபாங் வாசிக்கச் சொல்லிக் கேட்டுவிட்டு, கிழித்துப் போடச் சொன்னாள்.

"என்ன நடந்துச்சுன்னு சொல்லாத. சொன்னா, படிக்கிறவங்க நல்லாருக்கு, நல்லால்லன்னு பேசிட்டு அடுத்த கதைக்குப் போயிடுவாங்க. அவங்கள படகுல ஏத்து."

இதை அவள் எங்கிருந்து சொன்னாள் என்பதை எழுத மாட்டேன்.

ஏறுங்கள். தாரிக்கை எழுந்திருக்கச் சொல்லிவிட்டு அவன் இடத்தில் உட்காருங்கள். அனுமதிச் சீட்டு உங்களுடையது, மூத்த பையனும் உங்களுடையவன். நேற்று மைதானத்தில் நீங்கள்தான் எல்லோரையும்விடச் சத்தமாகச் சிரித்தீர்கள். கயிறு எண்ணெய்ப் பிசுக்காக இருக்கும், இறுக்கிப் பிடிக்க வேண்டும். கரையில் யாரும் உங்களைப் பார்க்கவில்லை. இழுப்பதற்கும் அது வசதி, கையை எடுத்துக்கொள்வதற்கும்.